சுட்டுப் பாத்தாத்தான் துப்பாக்கியா?

ஊர்ப்பக்கம் ஒரு வீட்டில் பழைய துப்பாக்கி இருக்குன்னு சொன்னால் பட்டணத்துச் சொந்தக்காரங்க ரெண்டு விதமாத்தான் கேக்குறாங்க. ஒண்ணு, "ஐயையோ, வேட்டைக்கா?" இன்னொண்ணு, "அட! சுட்டுப் பாத்தீங்களா?"

முதல் கேள்விக்குப் பதில் சொல்லிவிடலாம். ரெண்டாவதுதான் எனக்கு எரிச்சல். யூடியூபில் வெள்ளைக்காரன் ஒருத்தன் நூத்தைம்பது வருஷத்துத் துப்பாக்கியை மேசை மேல் வைத்து, புருவத்தைத் தூக்கி நாலு வார்த்தை பேசிவிட்டு மைதானத்துக்குப் போய் டுமீல்னு சுடுகிறான். புகை கிளம்புகிறது. நம்ம பிள்ளைகள் கை தட்டுகிறார்கள். அதுதான் பரிசோதனை என்று நினைத்துக்கொள்கிறார்கள். அதில் பார்க்க வேண்டியது மேசை மேல் நடந்த பாதி. புகை வந்த பாதி வெறும் வாணவேடிக்கை.

நான் சொல்ல வருவது இதுதான். பழைய துப்பாக்கியைக் கண்ணாலும் விரலாலும் பார்த்தே முக்கால்வாசி தெரிஞ்சுக்கலாம். அந்தப் பார்வையை முறையாகப் பார்த்து எழுதிக் கொடுக்க நம்ம சர்க்காரில் சாதாரண குடியானவன் போய் நிற்கக்கூடிய இடம் ஒன்றுகூட இல்லை. நம்ம நாட்டில் ஒரு நாட்டுத் துப்பாக்கிக்கு நல்லபடியாகப் பரிசோதனை நடக்கணும்னா, அதால் முதலில் யாராவது சாகணும்.

எங்க பெரியப்பா வீடு செங்கம் பக்கம், ஜவ்வாது மலை அடிவாரம். மல்லாட்டைக் கொல்லை (நம்ம வேர்க்கடலைதான்). காட்டுப்பன்னி ராத்திரியில் இறங்கினால் விடியிறதுக்குள் அரைக்காணி உழுது போட்டுவிட்டுப் போகும். அதுக்காக அவங்க அப்பா காலத்திலிருந்தே லைசென்சோடு ஒரு மருந்துத் துப்பாக்கி வீட்டில் இருந்தது. வாய் வழியாக மருந்து போட்டு, கம்பியால் இடித்து, கேப்பு வைத்துச் சுடுகிற ரகம். பெரியப்பா அதில் பன்னி சுட்டதாக எனக்கு ஞாபகமே இல்லை. தலை மேல வானத்தைப் பாத்து ஒரு வெடி, அவ்வளவுதான். பன்னி ஓடிடும், மறுபடி நாலு நாள் கழிச்சு வரும்.

ஒரு ஆயுத பூஜைக்கு நான் அங்கே போனபோது, ராணுவத்தில் ஆர்மரராக இருந்து ஓய்வு பெற்ற நண்பர் ஒருத்தரையும் கூட்டிக்கிட்டுப் போனேன். மனுஷன் முப்பது வருஷம் துப்பாக்கியைப் பிரிச்சுப் பூட்டினவர். பொட்டு வைத்துக் கலப்பை பக்கத்தில் சாத்தியிருந்ததைப் பார்த்ததும் காபியைக் கீழே வைத்துவிட்டார்.

முதல் வேலையாக, இடிக்கிற கம்பியைக் குழலுக்குள் மெதுவாக இறக்கினார். அடியில் 'டங்'கென்று இரும்பில் இரும்பு படுகிற சத்தம் வரணும். மொத்தென்று விழுந்தால் உள்ளே ஏதோ கிடக்குதுன்னு அர்த்தம். வாய்ப்பக்கம் கம்பியில் சுண்ணாம்பால் ஒரு கோடு போட்டு, வெளியே எடுத்து, குழல் மேலேயே வைத்து அளந்தார். கேப்பு வைக்கிற மூக்கு வரைக்கும் கம்பி எட்டியது. "காலி"ன்னார். எதுக்கு இவ்வளவுன்னு கேட்டேன். கருமருந்து ஈரம் படாமல் கிடந்தால் நூறு வருஷம் கழித்தும் பத்திக்கும், தாத்தா கெட்டித்து வைத்த மருந்தில் பேரன் முகம் வெந்த கதையெல்லாம் உண்டு என்றார்.

அப்புறம் குதிரையைப் பாதி தூக்கி நிறுத்தி, விசையை அழுத்திப் பார்த்தார். பாதியில் நிற்கிற குதிரை எவ்வளவு அழுத்தினாலும் விழக்கூடாது. விழுந்தால் அந்தத் துப்பாக்கியைத் தோளில் மாட்டிக்கொண்டு வேலி தாண்டவே கூடாது. பெரியப்பாவுடையது நின்றது. அடுத்து டார்ச்சை அடித்து, வாய் வழியாகப் பார்த்தார். துரு எங்கே வெறும் தூசி மாதிரி, எங்கே அம்மைத் தழும்பு மாதிரி குழி விழுந்திருக்கு என்று பார்ப்பதற்கு. சுண்டு விரலை வாய்க்குள் விட்டுச் சுற்றித் தடவினார். கொஞ்ச நேரம் பேசவே இல்லை.

குதிரைக்குப் பக்கத்து இரும்புத் தகட்டில் கிரீடம், வி.ஆர்., டவர், 1856 என்று பொறித்திருந்தது. வி.ஆர். என்றால் விக்டோரியா ராணி. மூன்று பூண் போட்ட நீளக் குழல், 39 அங்குலம். இது 1853 மாடல் என்ஃபீல்டு ரைஃபிள் என்பது அவருக்குப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது. ஆனால் ரைஃபிள் என்றால் குழலுக்குள் சுருண்டு போகிற பள்ளம் இருக்கணும். என்ஃபீல்டுக்கு மூன்று பள்ளம். அதுதான் குண்டைப் பம்பரம் மாதிரி சுழற்றி நேராக அனுப்புகிற சூட்சுமம். இதில் பள்ளமே இல்லை. குழல் கண்ணாடி மாதிரி வழவழ. பின்னால் தூரத்துக்குத் தகுந்த மாதிரி தூக்கி வைத்துக் குறி பார்க்கிற இலைத் தகடும் இல்லை, வெறும் கட்டை ஒன்றுதான் இருந்தது.

"இது பொறக்கும்போது ரைஃபிள்தான். அப்புறம் வழிச்சு எடுத்திருக்கான்" என்றார்.

யார் வழித்தது, ஏன் வழித்தது? பள்ளிக்கூடத்தில் படித்தது ஞாபகம் இருக்கும். 1857-ல் பசுக் கொழுப்பும் பன்றிக் கொழுப்பும் தடவியதாகப் பேசப்பட்ட தோட்டாவைக் கடிக்க மாட்டோம் என்று சிப்பாய்கள் முரண்டினார்களே, அந்தத் தோட்டா இந்த என்ஃபீல்டு ரைஃபிளுக்கானது. கலகத்தை அடக்கிய பிறகு வெள்ளைக்காரன் என்ன செய்தான் தெரியுமா? கறுப்புச் சிப்பாய் கையில் ரைஃபிளே இருக்கக்கூடாது என்று முடிவு பண்ணி, 0.577 அங்குலக் குழலை 0.65-க்கும் மேலே அகலமாகக் கடைந்து பள்ளத்தை அழித்துக் கொடுத்தான். அதுக்கு 1858 மாடல்னு பேர். வெள்ளைச் சிப்பாய்க்கு ரைஃபிள். நம்ம ஆளுக்கு மொட்டைக் குழல். துப்பாக்கிக்கும் சாதி பிரித்த புண்ணியவான்கள்.

நம்மைப் பார்த்துப் பயந்து பல்லைப் பிடுங்கின துப்பாக்கி அது! எங்க பெரியப்பா வீட்டில் கலப்பைக்குப் பக்கத்தில் எந்தக் காலத்திலிருந்தோ நிற்கிறது. யாருக்கும் தெரியாது. ஒரு டார்ச்சும் ஒரு சுண்டு விரலும் அதைச் சொல்லிவிட்டது. இதில் சுடுவதற்கு என்ன வேலை?

சுடக்கூடாது என்பதற்கும் அந்த விரலே காரணம் சொன்னது. அகலமாகக் கடைந்தால் சுவர் மெலிசாகும், இல்லையா? அந்த 1858 மாடல் குழல் புதுசாக இருந்த காலத்திலேயே நெளிந்தும் உப்பியும் தொல்லை கொடுத்து, அடுத்த வருஷமே தடிமனான சுவரோடு வேறு குழல் செய்ய வேண்டியதாகிவிட்டது. செய்தவனே நம்பாத குழலில், நூத்தறுபது வருஷத் துரு தின்ற பிறகு, "ஒரு தடவை சுட்டுப் பாக்கலாமே மாமா"ன்னு பட்டணத்துப் பிள்ளை கேக்குது. கட்டாயம் சுட்டுத்தான் ஆகணும்னா, வண்டி டயரில் கட்டி, சுவருக்குப் பின்னால் நின்று, நீளக் கயிறு கட்டி விசையை இழுக்கணும். தோளில் வைத்து இழுப்பவன் தாடையைப் பணயம் வைக்கிறான்.

எங்க பிள்ளையார்பாளையத்தில் தறிக்காரர்களைக் கேளுங்க. பழைய பட்டுப் புடவை சரிகை அசலா போலியான்னு பார்க்க யாரும் புடவையைக் கட்டிக்கிட்டுத் தேர் இழுத்துப் பாப்பாங்களா? ஒரு இழையைச் சுரண்டினால் உள்ளே சிவப்புப் பட்டு நூல் தெரியணும். இன்னும் சரியாகத் தெரியணும்னா மெஷினில் வைத்து வெள்ளி எவ்வளவு, தங்கம் எவ்வளவு என்று எழுதியே கொடுத்துவிடுவார்கள். சரிகைக்கு என்றே இதே காஞ்சிபுரத்தில் அரசாங்கக் கம்பெனி இருக்கிறது. புடவைக்கு உள்ள மரியாதை இரும்புக்கு ஏன் இல்லை?

இரும்புக்கு மரியாதை வேறு ஊரில் இருக்கு. 2015 ஏப்ரலில் லண்டன் பான்ஹாம்ஸ் ஏலத்தில் திப்பு சுல்தானின் ஆயுதங்கள் போயின. அதில் ஒரே ஒரு துப்பாக்கி மட்டும் ஏழு லட்சம் பவுண்டுக்கு மேல். புலி வரி, தேதி, எழுத்து, விசை வேலைப்பாடு இதையெல்லாம் பார்த்துக் கொடுத்த விலை. மருந்து இடித்துச் சுட்டுக் காட்டியா விற்றார்கள்? அந்தத் திப்புவும் அவன் அப்பன் ஹைதர் அலியும் 1780 செப்டம்பர் 10-ல் கர்னல் பெய்லியின் படையை ராக்கெட் விட்டு நொறுக்கியது எங்கே? இதோ, நம்ம காஞ்சிபுரம் பக்கத்துப் புள்ளலூரில். அங்கே இன்றைக்கும் வெள்ளைக்கார அதிகாரிகளுக்கு நட்ட நினைவுத் தூண் கழனி ஓரத்தில் நிற்கிறது. ஜெயித்தவனுக்கு ஒரு கல்லும் கிடையாது. அது வேற வயித்தெரிச்சல், இன்னொரு நாள் எழுதறேன்.

நேபாளத்தைப் பாருங்க. 2003-ல் காட்மாண்டு லகன் சிலேகானா என்ற பழைய அரண்மனையில் குவிந்து கிடந்த பல்லாயிரம் பழைய துப்பாக்கிகளை அமெரிக்க வியாபாரிகள் மொத்தமாக வாங்கிக்கொண்டு போனார்கள். அதில் கேஹேந்திரா என்று நேபாளிகளே செய்த அபூர்வ ரைஃபிளும் உண்டு. இன்றைக்கு அமெரிக்காவில் ஒவ்வொன்றையும் மண்ணெண்ணெய் போட்டுத் துடைத்து, முத்திரை படித்து, புத்தகம் போட்டு விற்கிறார்கள். நம்ம வீட்டுக் குப்பை அவன் வீட்டுப் பொக்கிஷம்.

அங்கே எப்படி முடிகிறது? சட்டம் அப்படி. அமெரிக்காவில் 1899-க்கு முன்னால் செய்த துப்பாக்கி மத்திய அரசுச் சட்டத்தில் பழம்பொருள் கணக்கு. இங்கிலாந்தில் 1968 சட்டத்தின் 58-வது பிரிவு இன்னும் அழகு. பழந்துப்பாக்கியை அழகுக்கோ அதிசயத்துக்கோ வைத்திருந்தால் லைசென்ஸ் வேண்டாம், சுடணும் என்று கிளம்பினால் லைசென்ஸ் வேணும். எவ்வளவு லேசான கோடு! பார்க்கிறவன் வேற, சுடுகிறவன் வேற.

நம்ம 1959 ஆயுதச் சட்டத்திலும் ஒரு ஜன்னல் இருக்கு. 45-வது பிரிவில், வழக்கொழிந்த மாதிரியாகவோ பழம்பொருள் மதிப்புள்ளதாகவோ பழுதானதாகவோ இருந்து, ரிப்பேர் பண்ணினாலும் சுட முடியாத ஆயுதத்துக்கு இந்தச் சட்டம் பொருந்தாது என்று எழுதியிருக்கு. இன்னொரு பக்கம், 1972 பழம்பொருள் சட்டப்படி நூறு வருஷம் தாண்டின சரித்திர மதிப்புள்ள பொருள் எதுவும் தொல்பொருள். பேப்பரில் எல்லாம் லட்சணம். ஆனால் "இது அந்த ரகம்தான்" என்று பார்த்துக் கையெழுத்துப் போடுவது யார்? தாசில்தாரா? அவருக்குக் குதிரை எது விசை எதுன்னு தெரியுமா? ஸ்டேஷனில் கேட்டால், துப்பாக்கின்னா துப்பாக்கிதான்யா, லைசென்ஸ் எங்கேன்னுதான் கேப்பாங்க. அவங்க மேலயும் தப்பில்ல. அவங்களுக்கு யாரும் சொல்லிக் கொடுக்கல.

விவரம் தெரிந்தவர்கள் இல்லாமல் இல்லை. சென்னையில் தடய அறிவியல் துறை இருக்கிறது. அதன் பழைய வேர் 1849-ல் மதராஸில் ஆரம்பித்த ரசாயனப் பரிசோதகர் ஆபீஸ். 1967-ல் எம்.ஜி.ஆர். சுடப்பட்ட வழக்கு நம்ம செங்கல்பட்டு செஷன்ஸ் கோர்ட்டில் நடந்தபோது துப்பாக்கியும் குண்டும் என்ன சொல்லுதுன்னு நாடே காத்துக்கிடந்தது. அப்படிப்பட்ட கண் நம்மகிட்ட இருக்கு. ஆனால் கொலைக்கேஸில் பிடிபட்ட துப்பாக்கிக்குத்தான் அந்தக் கண் திறக்கும். யாரையும் கொல்லாமல் நாலு தலைமுறை மூலையில் நின்ற துப்பாக்கிக்குத் திறக்காது. இதைத்தான் மேலே சொன்னேன்.

அதனால் என்ன நடக்குது? "கள்ளத் துப்பாக்கி வைத்திருப்பவர்கள் இந்தத் தேதிக்குள் ஒப்படைத்தால் கேஸ் இல்லை" என்று மலையடிவாரத்தில் அவ்வப்போது தண்டோரா போடுவார்கள். மறுநாள் காலையில் ஊர் எல்லையில், கோயில் திட்டில், புதர் மறைவில் துப்பாக்கி கிடக்கும். பேப்பரில் போட்டோ வரும். கொண்டுபோய்க் கொடுக்கப் பயந்தவன் கிணற்றில் போடுவான். அந்தக் குவியலில் எது முந்தாநாள் பட்டறையில் தண்ணிக் குழாயை வைத்து ஒட்டினது, எது நூறு வருஷம் தாண்டினது என்று பிரிக்க ஆள் உண்டா? எல்லாம் ஒரே எடை, ஒரே இரும்பு. கர்நாடகாவில் ஷிமோகா பக்கத்து நகராவில் ஒரு பாழுங்கிணற்றைத் தோண்டி, 2018-ல் ஆயிரத்துக்கும் மேலே திப்பு காலத்து ராக்கெட்டை அந்த ஊர்த் தொல்லியல் துறை எடுத்ததே, நம்ம கிணற்றில் என்ன கிடக்குதோ.

லைசென்ஸ் இருப்பவன் கதை மட்டும் என்ன வாழுது? பயிர்க் காவலுக்கு மருந்துத் துப்பாக்கி கேட்டால் லைசென்ஸ் தரணும் என்று 13-வது பிரிவு தெளிவாகவே சொல்லுது. இன்றைக்குப் போய்க் கேட்டுப் பாருங்க. 2025 ஜனவரியில் காட்டுப்பன்னிக்கு நம்ம அரசு ஒரு வழி சொன்னது. காப்புக்காட்டிலிருந்து 1 கிலோமீட்டருக்குள் சுடக்கூடாது, 1 முதல் 3 வரை பிடித்துக் காட்டில் விடணும், 3-க்கு மேல் தள்ளி வந்தால் வனத்துறை ஆள் சுடலாம். ராத்திரி ரெண்டு மணிக்குப் பன்னி வந்தால் வனத்துறை ஆளுக்குப் போன் அடிச்சு, அவர் வந்து சேர்றதுக்குள் மல்லாட்டை நமக்குக் கிடையாது. கேரளாவில் 2022-லேயே பஞ்சாயத்துத் தலைவருக்கு அதிகாரம் கொடுத்து, லைசென்ஸ் துப்பாக்கிக்காரரைக் கூப்பிட்டுச் சுட வைக்கிறார்கள்.

தேர்தல் வந்தால் துப்பாக்கியை ஸ்டேஷனில் கட்டணும். பார்லிமெண்டுக்கு ஒண்ணு, சட்டசபைக்கு ஒண்ணு, உள்ளாட்சிக்கு ஒண்ணு. ஒவ்வொரு தடவையும் கையை நூலில் கட்டின அட்டையோடு ஒரு மூலையில் சாய்த்து வைப்பார்கள். பெரியப்பா துப்பாக்கி ஒரு தடவை திரும்பி வரும்போது கட்டையில் விரல் நீளத்துக்கு வெடிப்பு. 1856-லிருந்து முழுசாக இருந்த கட்டை. எந்த ஸ்டேஷன்னு நான் சொல்லப் போறதில்ல, எல்லா இடத்திலயும் இதே கதைதான்.

எதிர்க்கேள்வி வரும், தெரியும். "துப்பாக்கியைத் தாராளமா விட்டா வேட்டை நடக்காதா, சாதிச் சண்டையில் எடுக்க மாட்டானா?" நியாயமான பயம். நாட்டுத் துப்பாக்கியில் மானைச் சுட்டவன் உண்டு, பக்கத்து ஆளையே சுட்டவனும் உண்டு. லைசென்ஸை ஒழிக்கச் சொல்லி நான் எழுதல. கணக்கில் வராத துப்பாக்கிதான் ஆபத்து. கொண்டுவந்து காட்டினால் பறிபோகும், ஜெயிலும் வரலாம் என்ற பயம் இருக்கும் வரைக்கும் அது கணக்கில் வராது. குடகுக்காரர்கள் வெள்ளைக்காரன் காலத்திலிருந்தே லைசென்ஸ் விலக்கோடு துப்பாக்கி வைத்திருக்கிறார்கள். 2029 வரைக்கும் மத்திய அரசு அதை நீட்டித்தும் விட்டது. செப்டம்பரில் கயில்போத் பண்டிகைக்குத் துப்பாக்கியைத் துடைத்து, குழல் வாயில் செங்காந்தள் பூ செருகிக் கும்பிடுகிறார்கள். அப்புறம் மரத்து மேலே தேங்காய் கட்டி ஊர் முன்னால் குறி பார்த்துச் சுடுகிறார்கள். செங்காந்தள் நம்ம மாநிலப் பூ. பூ நமக்கு, பூஜை அவங்களுக்கு!

நான் கேக்குறது கோடி ரூபாய்த் திட்டம் இல்ல. மாவட்டத்துக்கு மாவட்டம் ஆயுதப்படை மைதானம் இருக்கு, அங்கே ஆர்மரர் இருக்கார். எழும்பூர் மியூசியத்தில் ஆயுதம் தெரிந்தவர்கள் இருக்காங்க. வருஷத்தில் ஒரு நாள், ஆயுத பூஜைக்கு முந்தின வாரம்கூட வைத்துக்கலாம், ஒரு மேசை போட்டு உட்காரட்டும். பழைய துப்பாக்கியைக் கொண்டு வருகிறவன் மேல் அன்றைக்குக் கேஸ் இல்லை. கம்பி விட்டு அளக்கட்டும், முத்திரையைப் போட்டோ எடுக்கட்டும், எந்த ஊர், எந்தக் குடும்பம், எந்தக் காலம்னு எழுதட்டும். பழம்பொருள்னா 45-வது பிரிவுக்கு ஒரு சீட்டு. சுடுகிற நிலையில் இருந்து, பயிருக்கு வேணும்னு ஆள் கேட்டால், அங்கேயே மணல் மூட்டைக்குப் பின்னால் கயிறு கட்டிச் சுட்டுப் பார்த்து, தாங்குதா தாங்கலையான்னு சொல்லட்டும். சுட்டுப் பார்க்கிற வேலை அங்கே, அவங்க கையில் நடக்கட்டும். திருச்சியில் 1966-லிருந்து துப்பாக்கித் தொழிற்சாலையே வைத்திருக்கிற நாட்டுக்கு இது முடியாதா?

பெரியப்பா போய்ச் சேர்ந்துட்டார். சட்டப்படி அண்ணன் துப்பாக்கியைக் கொண்டுபோய் ஸ்டேஷனில் ஒப்படைத்துவிட்டு வாரிசு லைசென்ஸுக்கு மனு போட்டார். எழுபது வயசானதுமே, இல்லைன்னா இருபத்தஞ்சு வருஷம் வைத்திருந்ததுமே, வாரிசுக்கு மாத்தியிருக்கலாமாம், 2016 விதியில் இருக்காம். மலையடிவாரத்துக் கிழவருக்கு அதை யார் போய்ச் சொன்னது? இப்போ பயிற்சிச் சான்றிதழ் கேக்குறாங்க, அதுக்கு எங்கே போறதுன்னு அண்ணனுக்குத் தெரியல. குறித்த காலத்துக்குள் லைசென்ஸ் வரலைன்னா துப்பாக்கி சர்க்காருக்குப் பறிமுதல். அப்புறம் உடைச்சு உருக்குவாங்க.

முத்திரை, பூண், பின்பக்கக் கட்டை, வெடிப்பு எல்லாம் தெரிகிற மாதிரி நண்பர் அன்றைக்கே எடுத்த ஒன்பது போட்டோ என்கிட்ட இருக்கு. அதைப் பிரிண்ட் போட்டு, 45-வது பிரிவை மேற்கோள் காட்டி, மியூசியத்துக்கு ஒண்ணும் கலெக்டர் ஆபீசுக்கு ஒண்ணுமாக ரெண்டு மனு எழுதி அண்ணன் கையெழுத்து வாங்கி வைத்திருக்கேன். திங்கட்கிழமை குறைதீர்க்கும் நாள். நாத்து பறிக்கிற வேலை இருக்கு, ஆனாலும் காலையில் முதல் பஸ்ஸைப் பிடிச்சுப் போகலாம்னு இருக்கேன்.